பங்குதாரர் மறைந்த கப்பல்: சங்கமும் அரசதிகாரமும்

சிறைத் தண்டனையால் பறிபோன வழக்கறிஞர் உரிமையைத் திரும்பப் பெற்ற பின்னர், வ.உ. சிதம்பரம் பிள்ளை 1920களில் கோவில்பட்டியில் குடியிருந்து அங்குள்ள நீதிமன்றத்தில் தொழில் நடத்தினார். அவர் பிறந்த ஒட்டப்பிடாரமும் அதே கரிசல் நிலத்தைச் சேர்ந்ததே. பேரரசின் கப்பல் கம்பெனியோடு மோதிய ஒருவர், மானாவாரிப் பருத்தி விளையும் வட்டாரத்தின் சிறு வழக்குகளுக்குத் திரும்பி வந்த இந்த ஆண்டுகள் அவரைப் பற்றிய நூல்களில் பெரும்பாலும் ஒரு பின்னுரையாகவே இடம்பெறுகின்றன. தமிழ் நினைவில் அவருக்கு இரு படிமங்களே உள்ளன. ஒன்று கடலில் மிதந்த கப்பல். மற்றொன்று கோவைச் சிறையின் செக்கு. முதலாவது வீரத்துக்கும் இரண்டாவது தியாகத்துக்கும் அடையாளமாகிவிட்டன.

இவ்விரண்டுக்கும் இடையே இருந்திருக்க வேண்டிய மூன்றாவது படிமம் ஒன்று நம் நினைவில் பதியவே இல்லை. அது 25 ரூபாய் மதிப்புள்ள ஒரு பங்குப் பத்திரம். கப்பலை வாங்கியது அந்தத் தாள்தான். ஒருவரையொருவர் நேரில் அறியாத பல்லாயிரம் பேரை ஒரே காரியத்தில் பிணைத்ததும் அதுவே. சுதேசிக் கப்பல் கம்பெனியின் வரலாற்றை ஒரு மனிதரின் வரலாறாக எழுதிப் பழகியதன் மூலம், நவீனத் தமிழகத்தில் அரசுக்கு எதிரே மக்கள் அமைத்த மிகத் துணிச்சலான சங்கங்களுள் ஒன்றை நாம் இழந்திருக்கிறோம் என்பதே இக்கட்டுரையின் வாதம். இந்த இழப்பில் பொதுவான தேசிய எழுத்துக்கு மட்டுமன்றி, நமது முஸ்லிம் எழுத்துக்கும் பங்குண்டு.

முதலில் கம்பெனியின் அமைப்பைக் காண்போம். 1906 அக்டோபர் 16 அன்று, 1882ஆம் ஆண்டின் இந்தியக் கம்பெனிகள் சட்டத்தின்படி அது பதிவு செய்யப்பட்டது. மூலதனம் 10 லட்சம் ரூபாய். தலா 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். ஆசியக் கண்டத்தைச் சேர்ந்த எவரும் பங்கு வாங்கலாம் என்பது விதி. தலைவர், மதுரைத் தமிழ்ச் சங்கத்தை நிறுவியவரும் பாலவநத்தம் ஜமீன்தாருமான பாண்டித்துரைத் தேவர். செயலாளர், ஹாஜி முகமது பக்கீர் சேட். துணைச் செயலாளர்தான் வ.உ.சி. பக்கீர் சேட் 8,000 பங்குகளுக்கென 2 லட்சம் ரூபாய் தந்தார். அதாவது திட்டமிட்ட மூலதனத்தில் ஐந்தில் ஒரு பகுதி. தொடக்கத்தில் சொந்தக் கப்பல் இல்லாத நிலையில் வாடகைக்குக் கப்பல் தந்தவரும் பம்பாயைச் சேர்ந்த எஸ்ஸாஜி தாஜ்பாய் என்ற முஸ்லிம் வணிகரே. பிரிட்டிஷ் இந்தியா கம்பெனியின் நெருக்குதலால் அவர் பின்வாங்க நேர்ந்த பிறகுதான் கொழும்பிலிருந்து வாடகைக் கப்பலும், 1907இல் ‘காலியா’, ‘லாவோ’ என்ற சொந்தக் கப்பல்களும் வந்தன.

இப்பட்டியலில் கவனத்துக்குரிய செய்தி ஒன்றுண்டு. ஜமீன்தார், மேமன் வணிகர், வழக்கறிஞர், சிறு பங்குதாரர் எனச் சாதியாலும் சமயத்தாலும் வேறுபட்டவர்களை இங்கு இணைத்தது உறவோ ஊரோ குலமோ அன்று. எழுதப்பட்ட விதிகளும், எவரும் பார்வையிடத்தக்க கணக்கும், பெரும்பங்கு உடையவரும் ஒற்றைப் பங்கு உடையவரும் ஒரே அவையில் அமரும் உரிமையுமே அவர்களை இணைத்தன. மஹமை, நாட்டாண்மை, ஜமாஅத், மடம் போன்ற பழைய கூட்டமைப்புகளில் பிறப்பே உறுப்பினர் தகுதி. இங்கோ ஒப்பந்தமே தகுதி. அந்நியரை நம்புவதற்கு ஒரு முறைமையை உருவாக்கும் இத்தகைய அமைப்பைத்தான் சமூகவியலாளர் தன்னார்வச் சங்கம் என்கின்றனர்.

இந்தச் சங்கம் தமிழ் எழுத்தில் எவ்வாறு மறைந்தது? ம.பொ. சிவஞானம் எழுதிய வாழ்க்கை வரலாற்றின் தலைப்பு ‘கப்பலோட்டிய தமிழன்’. அதே பெயரில் 1961இல் பி.ஆர். பந்துலுவின் திரைப்படம் வெளிவந்தது. மறக்கப்பட்டுக்கொண்டிருந்த ஒரு தியாகியை மீட்டெடுத்த பெருமை இவ்விரண்டுக்கும் உரியது. அதைக் குறைத்துச் சொல்வது நன்றி மறத்தலாகும். எனினும் தலைப்பின் இலக்கணத்தைக் கவனிக்க வேண்டும். ‘ஓட்டிய’ என்ற வினைக்கு எழுவாய் ஒருமை. கப்பல் ஓட்டியவர் ஒருவர். ஏனையோர் அவருக்குத் துணை நின்றவர். கம்பெனியின் விதிகளில் துணைச் செயலாளராக இருந்தவர் நினைவில் தனியொரு செயலராகிறார். தலைவரும் செயலாளரும் இயக்குநர்களும் பங்குதாரர்களும் பின்னணிக் கூட்டமாகின்றனர். வ.உ.சி.யின் உழைப்பே கம்பெனியின் உயிர் என்பதில் ஐயமில்லை. ஆனால் அவர் அந்த உழைப்பைச் செலவிட்டது தம் பெயர் நிலைப்பதற்காக அன்று, ஒரு சங்கம் நிலைப்பதற்காக. அவரைப் போற்றும் எழுத்து அவரது நோக்கத்தையே மறைத்துவிடுவது ஒரு முரண்.

முஸ்லிம் எழுத்து செய்தது வேறொரு பிழை. விடுதலைப் போரில் முஸ்லிம்களின் பங்களிப்பைப் பட்டியலிடும் நம் நூல்களில் பக்கீர் சேட்டின் 2 லட்சம் ரூபாய் தவறாமல் இடம்பெறும். நாட்டுப்பற்றை ஐயுறுவோர்க்கு விடையாக அத்தொகை எடுத்துக்காட்டப்படும். அந்த ஐயம் அநீதியானது என்பதால் அந்த விடைக்கும் ஒரு தேவை இருந்தது. ஆயினும் பட்டியலில் ஏறிய மறுகணமே பக்கீர் சேட் ஒரு கொடையாளியாகச் சுருங்கிவிடுகிறார். அவர் நன்கொடை தரவில்லை, பங்கு வாங்கினார். செயலாளர் என்ற பொறுப்பையும் ஏற்றார். நன்கொடையாளருக்கு நன்றி உரியது; பங்குதாரருக்கோ உரிமையும் பொறுப்பும் உரியன. ‘நாங்களும் கொடுத்தோம்’ என்ற வாக்கியத்தில் கொடுப்பவரும் பெறுபவரும் முன்பே பிரிந்து நிற்கின்றனர். ‘நாம் சேர்ந்து நடத்தினோம்’ என்பதே கம்பெனி ஆவணங்கள் சொல்லும் வாக்கியம். முன்னதை எழுதியதால் பின்னதை இழந்தோம்.

ஆ.இரா. வேங்கடாசலபதியின் அண்மைக்கால ஆய்வுகள் இவ்வழக்கிலிருந்து பெரிதும் விலகுகின்றன. 2024ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருது பெற்ற அவரது நூலின் தலைப்பு ‘திருநெல்வேலி எழுச்சியும் வ.உ.சி.யும் 1908’. எழுச்சி முதலிலும் தலைவர் அடுத்தும் வருவது தற்செயல் அன்று. தலைவர் கைதானபின் தெருவில் இறங்கிய பெயரற்ற மக்களை ஆவணங்களிலிருந்து மீட்கும் முயற்சி அது. அந்நூல் திறந்துவிட்ட வாயிலில் நின்று மேலும் ஒரு கேள்வியை எழுப்பலாம். தெருவில் திரண்ட கூட்டத்தின் வரலாறு ஒன்று; கூட்ட அறையில் அமர்ந்து தீர்மானம் எழுதிய சங்கத்தின் வரலாறு மற்றொன்று. பின்னதையும் அதே கவனத்தோடு எழுத வேண்டாமா?

இக்கேள்விக்குத் துணையாக, அதே ஆண்டுகளில் வேறொரு பேரரசில் நிகழ்ந்தவற்றைப் பார்ப்பது பயன்தரும். ரஷ்யாவிலும் ஒரு கரிசல் பூமி உண்டு. ‘செர்னோசியம்’ என்ற ரஷ்யச் சொல்லுக்குக் கறுப்பு மண் என்பதே பொருள். அது மட்கிய புல்வெளியால் கறுத்த வளமண். கோவில்பட்டிக் கரிசலோ களித்தன்மையால் கறுத்து, கோடையில் ஆள் கால் நுழையுமளவு வெடிக்கும் மண். மண்ணின் வேறுபாட்டைவிட அது ஆராயப்பட்ட முறையின் வேறுபாடு நமக்கு முக்கியமானது. கோவில்பட்டியில் 1901இல் வேளாண் ஆய்வுப் பண்ணையை நிறுவியது அரசு. ரஷ்யக் கறுப்பு மண்ணைப் பற்றி தொக்குச்சாயேவ் 1883இல் வெளியிட்ட புகழ்பெற்ற ஆய்வுக்கு ஆதரவு தந்ததோ சுதந்திரப் பொருளாதாரக் கழகம் என்ற சங்கம்.

அக்கழகம் 1765இல் இரண்டாம் கேத்தரீன் காலத்தில் தோன்றியது. அதையும், புவியியல் கழகம், தொழில்நுட்பக் கழகம், மருத்துவர்களின் பிரகோவ் கழகம் போன்றவற்றையும் ஆராய்ந்து ஜோசஃப் பிராட்லி 2009இல் வெளியிட்ட நூல், ஒரு பழைய கருத்தை மறுக்கிறது. ரஷ்யாவில் அரசே எல்லாம். குடிமைச் சமூகம் உருப்பெறாத கூழ் நிலையில் இருந்தது என்பது கிராம்சியின் வழியாகத் தமிழ்ச் சிற்றிதழ் வாசகரும் அறிந்த கருத்து. பிராட்லியின் விடை நுட்பமானது. சங்கங்கள் அரசுக்கு எதிராக முளைத்தவை அல்ல. அறிவும் வளர்ச்சியும் வேண்டிய அரசே அவற்றை அனுமதித்தது, சில வேளைகளில் ஊக்குவித்தது. ஆனால் விதி எழுதவும், தேர்தல் நடத்தவும், வாதிடவும், அறிக்கை வெளியிடவும் பழகிய உறுப்பினர்கள், மண்ணைப் பற்றியும் நோயைப் பற்றியும் பேசத் தொடங்கி, குடிமக்களின் உரிமையைப் பற்றிப் பேசுவதில் சென்று முடிந்தனர். அவ்வாறு முடிந்தபோது அரசு கைவைத்தது. சுதந்திரப் பொருளாதாரக் கழகத்தோடு இணைந்திருந்த எழுத்தறிவுக் குழு 1895இல் பிரிக்கப்பட்டுக் கல்வி அமைச்சகத்தின் கீழ் வைக்கப்பட்டது. ஏழை மக்களுக்கு மலிவு விலையில் புத்தகம் கொடுத்ததே அதன் பெருங்குற்றம்.

பிராட்லியின் நூலுக்கு ஒரு குறை உண்டு. பெரிதும் பீட்டர்ஸ்பர்க், மாஸ்கோ அறிஞர் கழகங்களின் சாளரத்தின் வழியாகவே அது பேரரசைப் பார்க்கிறது. வோல்கா, கிரிமியா, காக்கேசியா முஸ்லிம்களின் சங்க வாழ்க்கை அதற்கு வெளியே நிற்கிறது. இவ்விடத்தில் ராபர்ட் க்ரூஸ் 2006இல் வெளியிட்ட நூல் துணைநிற்கும். கேத்தரீன் 1788இல் அமைத்த ஓரன்பர்க் சமய அவையின் வழியாக அரசு முஸ்லிம்களின் மஹல்லாவுக்குள் நுழைந்ததையும், முஸ்லிம்களும் தம் உட்பூசல்களில் அதே அரசைத் துணைக்கழைத்ததையும் அந்நூல் காட்டுகிறது. அரசு அமைத்துத் தந்த அவை ஒருபுறம். தாமே அமைக்க விரும்பிய சங்கம் மறுபுறம்.

இந்த இரண்டாவது விருப்பத்தின் வெளிப்பாடே 1905 ஆகஸ்டில் நிகழ்ந்த முதல் அகில ரஷ்ய முஸ்லிம் மாநாடு. நிஷ்னி நோவ்கோரோத் சந்தைக்கு வணிகர் கூடும் காலத்தில் மாநாடு நடத்த விரும்பினர், அனுமதி மறுக்கப்பட்டது. இஸ்மாயில் காஸ்பிரின்ஸ்கி, ரஷீத் இப்ராஹீம், தோப்சிபாஷி முதலியோர் ‘குஸ்தாவ் ஸ்த்ரூவே’ என்ற நீராவிக் கப்பலை அமர்த்தி, ஓக்கா நதியில் உல்லாசப் பயணம் போவதுபோலச் சென்று, கப்பலிலேயே மாநாட்டை நடத்தி முடித்தனர். ‘இத்திஃபாக் அல்முஸ்லிமீன்’ என்ற அமைப்பு அங்கு கருக்கொண்டது. அதற்கு அடுத்த ஆண்டு தூத்துக்குடியில் மற்றொரு நீராவிக் கப்பலுக்காக வேறொரு சங்கம் பதிவு செய்யப்பட்டது. இவ்விரண்டுக்கும் தொடர்பேதும் இல்லை. ஆயினும் நிலத்தில் இடம் மறுக்கப்பட்டவர்கள் நீரில் இடம் தேடிய அந்த ஒற்றுமை, அக்காலத்துப் பேரரசுகளின் கீழ் சங்கம் அமைப்பது எத்தகைய காரியம் என்பதை உணர்த்துகிறது.

இரு அரசுகளும் சங்கங்களைக் கையாண்ட முறையை இனி ஒப்பிடலாம். 1905 அக்டோபர் பிரகடனத்தில் சங்கம் சேரும் சுதந்திரத்தை சார் மன்னர் வாக்களித்தார். 1906 மார்ச் 4 அன்று வெளியான தற்காலிக விதிகளின்படி, முன் அனுமதியின்றி அறிவிப்பின் பேரிலேயே சங்கம் அமைக்கலாம். ஆனால் அமைதிக்கு ஊறு என்று கருதினால் நிர்வாகமே அதை மூடலாம். தந்த கையே பறிக்கும் உரிமையையும் வைத்துக்கொண்டது. 1907 ஜூனில் தேர்தல் விதி மாற்றப்பட்டு, டூமாவில் முஸ்லிம் உறுப்பினர் எண்ணிக்கை வீழ்ந்ததோடு இத்திஃபாக்கும் ஒடுங்கியது.

பிரிட்டிஷ் இந்தியாவில் நடந்தது இதனினும் சட்ட நயம் வாய்ந்தது. சுதேசிக் கம்பெனியைப் பதிவு செய்த அரசு அதை ஒருபோதும் சட்டப்படி தடை செய்யவில்லை. போட்டிக் கம்பெனி கட்டணத்தைத் தரைமட்டமாக்கியது. இலவசப் பயணமும் குடையும்கூடத் தந்தது. அதிகாரிகள் அதன் பக்கம் சாய்ந்தனர். 1908 பிப்ரவரி இறுதியில் கோரல் ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்து வென்றபோது, வணிகச் சங்கமும் தொழிலாளர் ஒற்றுமையும் ஒரே தலைமையின் கீழ் வந்துவிட்டதை ஆட்சியாளர் கண்டனர். மார்ச் 12 அன்று வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் கைதாயினர். மறுநாள் திருநெல்வேலி கொந்தளித்தது. துப்பாக்கிச் சூட்டில் நால்வர் மாண்டனர். ஜூலை 7 அன்று நீதிபதி பின்ஹே விதித்த இரட்டை ஆயுள் தண்டனை, மேல்முறையீட்டில் ஆறு ஆண்டுகளாகக் குறைந்தது. தண்டிக்கப்பட்டவை பேச்சும் தூண்டுதலும். கம்பெனியின் பதிவுச் சான்றோ சட்டப்படி செல்லுபடியாகவே இருந்தது. ஒரு சங்கத்தை மூடாமலே அதன் நம்பிக்கையை மூட முடியும் என்பதை அந்த ஆண்டு காட்டிற்று.

அதே ஆண்டு டிசம்பரில் குற்றவியல் சட்டத் திருத்தச் சட்டம் நிறைவேறியது. நிர்வாக ஆணையொன்றின் மூலம் எந்தச் சங்கத்தையும் சட்டவிரோதமென அறிவிக்கும் அதிகாரம் அதில் இருந்தது. வங்காளத்துச் சமிதிகளே முதல் இலக்கு. இச்சட்டம் பேரரசோடு மறையவில்லை. குடியரசு பிறந்த 1950இல், சென்னை அரசு அதே சட்டத்தைத் தன் திருத்தத்தோடு பயன்படுத்தி, முறையாகப் பதிவு பெற்ற மக்கள் கல்விச் சங்கத்தைத் தடை செய்தது. வி.ஜி. ராவ் தொடுத்த வழக்கில், அரசின் அகநிலைத் திருப்தி மட்டுமே ஒரு சங்கத்தை ஒழிக்கப் போதாது என்று உச்ச நீதிமன்றம் 1952இல் தீர்ப்பளித்தது. பீட்டர்ஸ்பர்க்கின் எழுத்தறிவுக் குழுவும் சென்னையின் கல்விச் சங்கமும் ஏறத்தாழ ஒரே காரணத்துக்காக ஐயத்துக்குள்ளாயின என்பது சிந்தனைக்குரியது. இரண்டாவதற்கு நீதிமன்றக் கதவு திறந்திருந்தது. அந்த வேறுபாடு சிறியதன்று.

அரசின் மீது முழுப் பழியையும் சுமத்திவிட்டு இங்கேயே நிறுத்திக்கொள்வது எளிது. அது நேர்மையாகாது. அரசியலா, வணிகமா என்ற கேள்வியில் வ.உ.சி.க்கும் நிர்வாகிகளுக்கும் இடையே அவர் கைதாவதற்கு முன்பே பிணக்கு தோன்றியிருந்தது. இருதரப்பிலும் நியாயம் இருந்தது. முதலீட்டைக் காப்பது இயக்குநரின் கடமை. சுதேசியம் இல்லையேல் கம்பெனிக்குப் பொருளே இல்லை என்பது வ.உ.சி.யின் நிலை. இத்தகைய முரண்பாட்டைப் பொதுக்குழுவில் வைத்துத் தீர்த்துக்கொள்ளும் வலிமை பெறுவதற்கு அந்த இளம் சங்கத்துக்குக் காலம் வாய்க்கவில்லை. 1912 டிசம்பரில் அவர் விடுதலையானபோது கம்பெனி கலைந்திருந்தது. எந்தக் கம்பெனியை எதிர்த்து வாங்கப்பட்டதோ அதனிடமே ‘காலியா’ விற்கப்பட்டது என்பதே அவரை மிகவும் வருத்திய செய்தி. பேரரசின் அடியும் உள்ளிருந்த பலவீனமும் சேர்ந்தே கப்பலைக் கவிழ்த்தன.

இதே பாடத்தைக் கரிசல் வட்டாரம் மீண்டும் ஒருமுறை கண்டது. சி. நாராயணசாமி நாயுடு தலைமையில் 1970களில் எழுந்த விவசாயிகள் சங்கம், மின்கட்டணத்தையும் கடன் வசூலையும் எதிர்த்து அரசை நடுங்கவைத்தது. 1980இன் இறுதியில் கோவில்பட்டிப் பகுதியின் குறிஞ்சாக்குளத்தில் விவசாயிகள் துப்பாக்கிச் சூட்டுக்குப் பலியாயினர். சங்கம் கட்சியாகவும் மாறிற்று. 1984 டிசம்பரில் தேர்தல் பணிக்காக வந்த இடத்தில், அதே கோவில்பட்டியில் நாயுடு காலமானார். அதன்பின் சங்கம் பல கூறுகளாயிற்று. துப்பாக்கியால் உடையாத சங்கம் ஒருவரின் மறைவால் உடைந்தது. தலைவரின் பெயரால் சங்கத்தை நினைக்கும் பழக்கம் வரலாற்று நூல்களில் மட்டும் இல்லை. சங்கங்களின் உள்ளேயும் இருக்கிறது.

ஆகவே இது கடந்தகாலம் பற்றிய வழக்கு மட்டுமன்று. நமது ஜமாஅத்துகள், கல்வி அறக்கட்டளைகள், வக்ஃபு நிர்வாகக் குழுக்கள் ஆகியவற்றை எண்ணிப் பார்ப்போம். அரசு தலையிடும்போது நாம் குரலெழுப்புகிறோம். அது நம் உரிமை. ஆனால் ஆண்டுப் பொதுக்குழு உரிய நாளில் கூடுகிறதா? வரவு செலவு எழுத்தில் வைக்கப்படுகிறதா? சிறு சந்தா செலுத்துபவரின் கேள்விக்குப் பெருங்கொடையாளர் இருக்கும் அவையில் விடை கிடைக்கிறதா? பெண்களுக்கு அந்த அவையில் இடமுண்டா? நிறுவியவர் மறைந்த பின்னும் சங்கம் நிற்குமா? ஓரன்பர்க் அவையின் வரலாறு சொல்வது இதுதான்: உள்ளே வழக்குகளைத் தீர்க்க முறைமை இல்லாத சமூகம் தானே அரசைக் கதவு திறந்து அழைத்துக்கொள்ளும். பொதுப்பணத்தை அமானத் என்று சொல்லும் மரபு நமக்குண்டு. அமானத்தின் புறவடிவம் கணக்கேடு.

வ.உ.சி.க்குச் சிலைகள் உண்டு. தூத்துக்குடித் துறைமுகம் அவர் பெயரைத் தாங்குகிறது. பக்கீர் சேட்டின் பெயர் நம் பட்டியல்களில் இருக்கிறது. இவற்றால் இருவருக்கும் உரிய மரியாதை முழுமையடைந்துவிட்டதாகக் கருத இயலாது. துணைச் செயலாளரும் செயலாளரும் ஒரே மேசையில் அமர்ந்து ஒரே பதிவேட்டில் கையெழுத்திட்ட அந்த இரு ஆண்டுகளின் வரலாற்றை, பங்குதாரர்களின் வரலாறாக எழுத வேண்டிய கடமை எஞ்சியிருக்கிறது. அதை எழுதும்போதுதான், 25 ரூபாய் கொடுத்து ஒரு பங்கு வாங்கிய பெயரறியா மனிதரும் கப்பலோட்டியவர்களுள் ஒருவராவார்.